நரம்பறிந்த மருத்துவர் ஜூல் டினெல்

முழங்கையின் உட்பக்கம் மேசையின் விளிம்பிலோ கதவின் ஓரத்திலோ இடித்துக்கொண்டால், இடிபட்ட இடத்தைவிடச் சுண்டுவிரலிலேயே மிகுந்த கூச்சம் தோன்றும். மின்சாரம் பாய்ந்தாற்போன்ற ஓர் உணர்ச்சி முன்கை வழியாக விரைந்தோடிச் சுண்டுவிரலிலும் அதற்கு அடுத்த விரலிலும் சுரீரென்று பரவும். அடிபட்டது ஓரிடம்; உணர்வது வேறோரிடம். அவ்விரு விரல்களுக்கும் உணர்ச்சி தரும் நரம்பு, முழங்கையில் தோலுக்கு அடியிலே எலும்பை ஒட்டிச் செல்வதே இதற்குக் காரணம். நாம் இதனை வேடிக்கையாகக் கருதிச் சிறிது நேரத்தில் மறந்துவிடுகிறோம். இதனோடு ஒத்த ஒரு சிறு நிகழ்ச்சியைக் காயமுற்ற வீரர்களிடம் கண்டு, அதனை ஊன்றி ஆராய்ந்து, உலக மருத்துவர் அனைவருக்கும் பயன்படும் ஒரு சோதனையாக ஆக்கியவர் பிரெஞ்சு மருத்துவர் ஜூல் டினெல் ஆவார். அச்சோதனைக்கு வேண்டிய கருவி ஒரு விரல் மட்டுமே.

பிறப்பும் கல்வியும்

பிரான்சு நாட்டின் வடபகுதியில் சேன் ஆற்றின் கரையில் ருவான் என்னும் பழம்பெரும் நகரம் உள்ளது. வீரமங்கை ஜோன் 1431-ஆம் ஆண்டில் தீக்கிரையாக்கப்பட்ட நகரம் இதுவே. இந்நகரில் 1879-ஆம் ஆண்டில் ஜூல் டினெல் பிறந்தார். அவருடைய குடும்பம் வழிவழியாக மருத்துவத் தொழிலில் ஈடுபட்ட குடும்பமாகும். தந்தையார் அறுவை மருத்துவர். உடற்கூற்றியல் கற்பித்த பேராசிரியருங்கூட. எனவே, எலும்பும் தசையும் நரம்பும் பற்றிய பேச்சு டினெலுக்கு இளமையிலேயே பழக்கமானதில் வியப்பில்லை.

டினெல் முதலில் ருவான் நகரிலும் பின்னர்ப் பாரிஸ் மாநகரிலும் மருத்துவம் பயின்றார். அக்காலத்தில் நரம்பு நோய்களைப் பற்றிய ஆராய்ச்சிக்குப் பாரிஸ் தலைசிறந்த இடமாக விளங்கியது. அங்குள்ள சால்பெத்ரியேர் என்னும் பெரிய மருத்துவமனை உலகெங்குமிருந்து மாணவர்களைத் தன்பால் ஈர்த்தது. அங்கே பேராசிரியராக விளங்கிய டெஜெரின் என்பவர், நோயாளியின் உடலைப் பொறுமையோடு நோக்குவதிலும், கண்டதை ஒழுங்காகக் குறித்து வைப்பதிலும் பெரும்புகழ் பெற்றவர். டினெல் அவரிடம் மாணவராகவும் துணைவராகவும் இருந்து தொழில் கற்றார். 1910-ஆம் ஆண்டில் நரம்பு வேர்களில் தோன்றும் நோய்களைப் பற்றி ஆராய்ச்சிக் கட்டுரை எழுதி மருத்துவப் பட்டம் பெற்றார்.

போரும் புண்பட்ட கைகளும்

1914-ஆம் ஆண்டில் முதல் உலகப் பெரும்போர் மூண்டது. விரைந்து பாயும் துப்பாக்கிக் குண்டுகளும், வெடித்துச் சிதறும் பீரங்கிக் குண்டுகளின் துண்டுகளும் வீரர்களின் கைகால்களைத் துளைத்தன. உயிர் பிழைத்தவர்களுள் மிகப் பலர் நரம்பு அறுபட்டோ நசுங்கியோ துன்புற்றனர். புண் ஆறிவிடும், தோல் மூடிவிடும், எலும்பும் கூடிவிடும். ஆயினும், கை செயலற்றுத் தொங்கும். உழவராகவும் தச்சராகவும் நெசவாளராகவும் வாழ்ந்து போருக்கு வந்தவர்களுக்குக் கையே வாழ்வு. அக்கை மீண்டும் பயன்படுமா என்பதே அவர்கள் மருத்துவரைக் கேட்ட முதற்கேள்வி.

டினெல், லெ மான் என்னும் நகரில் படைவீரர்களுக்காக அமைக்கப்பட்ட நரம்பு மருத்துவ நிலையத்தின் தலைவரானார். நாள்தோறும் முன்கையில் புண்பட்டவர் பலர் அவர்முன் வந்தனர். முன்கையில் மூன்று பெரிய நரம்புகள் உண்டு. ஒன்று கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல் ஆகியவற்றின் உள்ளங்கைப் பக்கத்திற்கு உணர்ச்சி தருவது. இன்னொன்று சுண்டுவிரலுக்கும் மோதிர விரலின் ஒரு பாதிக்கும் உணர்ச்சி தருவது. மற்றொன்று மணிக்கட்டையும் விரல்களையும் மேலே தூக்கும் தசைகளை இயக்குவது. முதல் நரம்பு கெட்டால் கட்டைவிரல் வலிவிழக்கும். ஊசியைக்கூடப் பற்றியெடுக்க இயலாது. இரண்டாவது கெட்டால் கடைசி இரு விரல்களும் பறவையின் நகம்போல் வளைந்து நிற்கும். மூன்றாவது கெட்டால் மணிக்கட்டுத் துவண்டு, கை கீழ்நோக்கித் தொங்கிவிடும்.

எந்த நரம்பு கெட்டது என்பதை இவற்றைக் கொண்டே மருத்துவர் எளிதில் அறிந்துகொள்வர். ஆனால், அதைவிடக் கடினமான வினா ஒன்று இருந்தது. கெட்ட நரம்பு தானே குணமாகிக்கொண்டிருக்கிறதா, இல்லையா என்பதே அது. குணமாகும் நரம்பின்மீது கத்தி வைத்தால், இயற்கை செய்துவரும் நற்பணி பாழாகும். குணமாகாத நரம்பை, ஆகும் ஆகும் என்று காத்திருந்து விட்டுவிட்டால், அதனால் இயங்க வேண்டிய தசைகள் நாளடைவில் வற்றிச் சுருங்கிப் போகும். பின்னர் நரம்பைத் தைத்தும் பெரும்பயன் இல்லை. அவசரமும் கேடு, தாமதமும் கேடு. இவ்விரண்டிற்கும் இடையே மருத்துவர் தவித்தனர். தசை மீண்டும் அசைவதைக் கண்டால் ஐயம் தீரும். ஆனால், வளரும் நரம்பு தசையை அடைந்த பின்னரே தசை அசையும். அதற்குப் பல திங்கள் ஆகும்.

நரம்பு வளரும் முறை

டினெல் கண்ட சோதனையை விளங்கிக்கொள்ள, நரம்பின் அமைப்பைச் சிறிது அறிதல் வேண்டும். நரம்பு என்பது ஒற்றைக் கயிறன்று. ஆயிரக்கணக்கான நுண்ணிய இழைகள் சேர்ந்த கற்றையே நரம்பு. ஒவ்வோர் இழையையும் ஒரு மெல்லிய உறை மூடியிருக்கிறது. இவ்விழைகளுக்கு உயிரூட்டும் அணுக்கள் முதுகுத்தண்டிலும் அதன் அருகிலும் உள்ளன. கையில் நரம்பு அறுந்தால், அவ்வணுக்களிலிருந்து பிரிந்துபோன கீழ்ப்பகுதி இழைகள் அழிந்துவிடும். இவ்வுண்மையை 1850-ஆம் ஆண்டில் வாலர் என்னும் ஆங்கிலேய அறிஞர் தவளையின் நரம்புகளை ஆராய்ந்து வெளியிட்டார்.

கீழ்ப்பகுதி அழிந்தாலும் மேற்பகுதி அழிவதில்லை. வெட்டிய மரத்தின் அடியிலிருந்து தளிர் விடுவதுபோல, அறுந்த முனையிலிருந்து புதிய இழைகள் முளைக்கின்றன. அவை, அழிந்த பழைய இழைகள் விட்டுச் சென்ற குழல்களுக்குள் புகுந்து, அவற்றையே வழியாகக் கொண்டு கீழ்நோக்கி வளர்கின்றன. அவற்றின் வளர்ச்சி மிக மெதுவானது. நாளொன்றுக்கு ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர். சில வேளைகளில் அதற்குச் சிறிது மிகுதி. ஒரு திங்களில் மூன்று சென்டிமீட்டர் வளர்ந்தால் அதுவே நல்ல வளர்ச்சி. முன்கையின் மேற்பகுதியில் அறுந்த நரம்பு, பதினைந்து சென்டிமீட்டர் கடந்து மணிக்கட்டை அடைய ஐந்து திங்கள் வேண்டும். விரல் நுனியை அடைய இன்னும் பல திங்கள் வேண்டும். தசைக்கும் தோலுக்கும் அடியில் மறைந்து நிகழும் இவ்வளர்ச்சியைக் கண்ணால் காண வழியில்லை.

விரலால் தட்டும் சோதனை

இம்மறைந்த வளர்ச்சியைக் காட்டிக்கொடுக்கும் குறி ஒன்றை டினெல் கண்டார். புதிதாக முளைத்த இழைகளுக்கு முதிர்ந்த உறை இன்னும் ஏற்படவில்லை. ஆதலால், அவை மிகுந்த கூருணர்வு உடையவை. முற்றிய இழைகளுக்கு ஒன்றும் செய்யாத மெல்லிய தட்டும் இவ்விளம் இழைகளைத் தூண்டிவிடும். அவ்வாறு தூண்டப்படும்போது, நோயாளிக்குத் தட்டிய இடத்தில் உணர்ச்சி தோன்றுவதில்லை. அந்த நரம்பு சென்று முடியும் தோற்பகுதியிலேயே தோன்றுகிறது. முன்கையில் தட்டினால் விரலில் உணர்கிறான். அவ்விரலோ, ஊசியால் குத்தினாலும் அறியாத மரத்துப்போன விரல்!

அவ்வுணர்ச்சி எத்தகையது? எறும்புகள் ஊர்வது போன்றது. நெடுநேரம் ஒரு பக்கமாக அமர்ந்து எழும்போது, மரத்த காலில் உணர்ச்சி திரும்புகையில் நாம் உணர்வதும் இத்தகையதே. பிரெஞ்சு மொழியிலும் இவ்வுணர்ச்சிக்கு எறும்பின் பெயரடியாகப் பிறந்த சொல்லே வழங்குகிறது. டினெல் தம் கட்டுரையில் அச்சொல்லையே குறியின் பெயராகச் சூட்டினார். தொலைவில் வாழும் இரு மக்கள் ஒரே உணர்ச்சிக்கு ஒரே சிற்றுயிரை நினைத்துக்கொண்டது வியப்பிற்குரியது.

சோதிக்கும் முறை மிக எளிது. நோயாளி தன் கையைத் தளரவிட்டு மேசையின்மீது வைத்துக்கொள்வான். மருத்துவர் நரம்பு செல்லும் வழியில், விரல்களின் பக்கத்திலிருந்து தொடங்கி, புண்பட்ட இடத்தை நோக்கி, சிறிது சிறிதாக மேலே தம் விரல் நுனியால் மெல்லத் தட்டிக்கொண்டே செல்வார். எந்த இடத்தில் தட்டும்போது நோயாளிக்கு விரலில் எறும்பூர்வது போன்ற உணர்ச்சி முதன்முதல் தோன்றுகிறதோ, அவ்விடம் வரையில் புதிய இழைகள் வந்துள்ளன என்பது பொருள். புண்ணின் தழும்பிலிருந்து அவ்விடம் எவ்வளவு தொலைவு என்பதை அளந்து குறித்துக்கொள்வார். சில கிழமைகள் கழித்து மீண்டும் தட்டிப் பார்ப்பார். குறி கீழ்நோக்கி நகர்ந்திருந்தால் நரம்பு வளர்கிறது. அங்கே கத்திக்கு வேலையில்லை; பொறுமைக்கே வேலை. குறி பல திங்களாகியும் ஒரே இடத்தில் நின்றுவிட்டால், வழியில் தழும்பு போன்ற ஏதோ ஒரு தடை இருக்கிறது; முன்னேற முடியாத இழைகள் அங்கேயே சுருண்டு முடிச்சாகியுள்ளன. அப்பொழுது அறுவை மருத்துவரை நாடுதல் வேண்டும்.

காயம் பட்ட உடனே இக்குறி தோன்றுவதில்லை என்பதையும் டினெல் கண்டறிந்தார். இழைகள் முளைத்துத் தழும்பைக் கடக்க நாள் பிடிக்கும். பெரும்பாலும் நான்கு முதல் ஆறு கிழமைகள் கழிந்த பின்னரே குறி தோன்றும். ஆகவே, முதல் நாளே தட்டிப் பார்த்துவிட்டு நம்பிக்கை இழப்பது அறியாமை.

நோவும் ஊர்வும்

டினெலின் நுண்ணறிவு மற்றொன்றிலும் வெளிப்பட்டது. தட்டும்போது நோயாளி ஏதேனும் ஓர் உணர்ச்சியைச் சொன்னால் போதும் என்று அவர் கருதவில்லை. நோவு வேறு, எறும்பூர்வது வேறு. நரம்பு உறுத்தப்பட்டு அழற்சியுற்றிருந்தால், அழுத்திய இடத்திலேயே நோவு தோன்றும். அது நரம்பின் துன்பத்தைக் காட்டும் குறி. எறும்பூர்வது போன்ற உணர்ச்சியோ பெரிதும் நோவற்றது. இளம் இழைகளின் வரவைக் காட்டும் குறி. முன்னது உறுத்தலைக் கூறுவது. பின்னது வளர்ச்சியைக் கூறுவது. இவ்விரண்டையும் மயங்கக் கொண்டால் மருத்துவம் தவறிவிடும். ஆதலால், நோயாளி கூறுவதைச் செவிசாய்த்துக் கேட்பதும் சோதனையின் ஒரு பகுதியே ஆயிற்று.

டினெல் தம் முடிவுகளை 1915-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் பாரிஸ் நகரின் மருத்துவ இதழொன்றில் சிறு கட்டுரையாக வெளியிட்டார். அடுத்த ஆண்டில், போரில் நேரும் நரம்புக் காயங்களைப் பற்றிய அவருடைய நூல் வெளிவந்தது. ஆசிரியர் டெஜெரின் அதற்கு முன்னுரை வழங்கினார். 1917-இல் அந்நூல் ஆங்கிலத்தில் மொழிபெயர்க்கப்பட்டது. அதன் வாயிலாக டினெலின் பெயர் கடல் கடந்தும் பரவியது.

எதிரணியில் ஒரு மருத்துவர்

இவ்வரலாற்றில் வியக்கத்தக்க செய்தி ஒன்றுண்டு. டினெல் பிரெஞ்சு வீரர்களின் கைகளைத் தட்டிப் பார்த்த அதே காலத்தில், போர்முனைக்கு அப்பால், செர்மனி நாட்டில் மற்றொருவர் செர்மானிய வீரர்களின் கைகளைத் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் பெயர் பால் ஹாப்மன். 1884-ஆம் ஆண்டில் பிறந்த அவர், உடலியங்கியலில் வல்லவர். அறுந்து தைக்கப்பட்ட நரம்பு பிழைத்ததா என்பதை அறியத் தட்டிப் பார்க்கும் முறையை அவரும் கண்டார். அவருடைய கட்டுரை 1915-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களிலேயே செர்மானிய இதழில் வெளிவந்துவிட்டது. அஃதாவது, டினெலின் கட்டுரைக்கு ஏறத்தாழ ஏழு திங்கள் முன்னதாகவே வந்துவிட்டது.

இரு நாடுகளும் கடும்பகை கொண்டு போரிட்டன. ஒரு நாட்டு இதழ் மறு நாட்டிற்குச் செல்வது அரிதாயிற்று. ஒருவரையொருவர் அறியாமலே இருவரும் ஒரே உண்மையைக் கண்டனர். பிரெஞ்சு வீரனின் நரம்பும் செர்மானிய வீரனின் நரம்பும் ஒரே வகையில் அறுந்தன. ஒரே வகையில் தளிர்த்தன. ஒரே தட்டுக்கு ஒரே விடை தந்தன. மனிதர் வகுத்த எல்லைகளை இயற்கை அறியாது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை. நெடுங்காலம் இக்குறி டினெலின் பெயரால் மட்டுமே பெரிதும் வழங்கியது. பின்னாளில் உண்மை தெளிந்த அறிஞர் பலர், இருவர் பெயரையும் இணைத்து, ஹாப்மன்–டினெல் குறி என்று வழங்கலாயினர். முந்தியவருக்கு உரிய மதிப்பை அளிப்பதும் அறிவியலின் அறமே.

பிற பணிகள்

போர் முடிந்ததும் டினெல் பாரிஸ் திரும்பி, மருத்துவமனைகளில் பணியாற்றினார். உள்ளுறுப்புகளை நம் விருப்பமின்றியே இயக்கிவரும் நரம்புகளின்பால் அவர் கருத்துச் சென்றது. இதயத் துடிப்பு, குருதியின் அழுத்தம், வியர்வை, செரிமானம் ஆகியவற்றை இந்நரம்புகளே நடத்துகின்றன. 1922-ஆம் ஆண்டில் லாபே, டூமேர் என்னும் இருவரோடு சேர்ந்து, குருதியழுத்தம் திடீர் திடீரென ஏறி இறங்கிய ஒரு நோயாளியைப் பற்றி அவர் எழுதினார். சிறுநீரகத்தின் மேலுள்ள சுரப்பியில் தோன்றிய கட்டி ஒன்றே அதன் காரணம் என்பது தெரியவந்தது. அந்நோயைப் பற்றிய மருத்துவ வரலாற்றில் அக்கட்டுரைக்கு இன்றும் இடமுண்டு. உள்ளுறுப்பு நரம்புகளைப் பற்றிய அவருடைய பெருநூல் 1937-இல் வெளிவந்தது.

நாட்டுப்பற்றும் துயரமும்

இரண்டாம் உலகப் பெரும்போரில், 1940-ஆம் ஆண்டில், பாரிஸ் நகரம் செர்மானியப் படையின் கையில் வீழ்ந்தது. அடிமை வாழ்வை ஏற்க மறுத்த பிரெஞ்சு மக்கள் பலர் மறைவாக எதிர்ப்பியக்கம் நடத்தினர். டினெல் குடும்பமும் அதில் பங்குகொண்டது. பிடிபட்டால் சிறையும் சாவும் உறுதி என்பதை அறிந்தே அவர்கள் அதில் ஈடுபட்டனர். அஞ்சியதே நேர்ந்தது. டினெல் சில காலம் சிறைப்பட்டார். மருத்துவம் பயின்றுவந்த அவருடைய மகன் கைதாகி, டோரா என்னும் சிறைமுகாமுக்கு அனுப்பப்பட்டான். மலையைக் குடைந்த சுரங்கங்களில் கைதிகளை அடிமைகளாக உழைக்க வைத்த கொடிய முகாம் அது. அவ்விளைஞன் உயிரோடு வீடு திரும்பவில்லை.

முதற்போரில் எண்ணற்ற தாய்மாரின் மக்களுக்குக் கைகளை மீட்டுத் தர உழைத்தவர் டினெல். இரண்டாம் போர் அவர் மகனையே கொண்டுசென்றது. இத்துயரத்தைச் சுமந்து வாழ்ந்த அவர் 1952-ஆம் ஆண்டில் மறைந்தார்.

இன்றும் பயன்படும் குறி

டினெலின் காலத்திற்குப் பின் மருத்துவக் கருவிகள் பெருகிவிட்டன. நரம்பில் மின்னோட்டம் செல்லும் விரைவை அளக்கும் பொறிகள் உள்ளன. நரம்பின் உருவைத் திரையில் காட்டும் பொறிகளும் உள்ளன. எனினும், நரம்பு கெட்ட கையோடு வருபவரைக் காணும் மருத்துவர் முதலில் தம் விரலாலேயே தட்டிப் பார்க்கிறார். மணிக்கட்டின் குறுகிய வழியில் நரம்பு நெருக்குண்டு விரல்கள் மரத்துப்போகும் நோயிலும், மருத்துவர் மணிக்கட்டின்மீது தட்டிப் பார்ப்பது வழக்கமாகியுள்ளது. இப்பயன் டினெல் எழுதியதன்று, பின்வந்தவர்கள் கண்டது.

இக்குறிக்கும் எல்லை உண்டு. ஒருசில இழைகள் மட்டும் வளர்ந்தாலும் குறி தோன்றக்கூடும். அதனாலேயே கை முழுதும் குணமாகிவிடும் என்று உறுதி கூறலாகாது. இக்குறி உணர்ச்சி இழைகளைப் பற்றியே சொல்லும். தசையை இயக்கும் இழைகளைப் பற்றி நேராகச் சொல்லாது. நெருக்குண்ட நரம்பிலுங்கூடச் சிலரிடம் இது தோன்றாமல் போவதுண்டு. ஆகவே, அறிவுடைய மருத்துவர் இதனை மற்றச் சோதனைகளோடு சேர்த்தே முடிவு செய்வர். ஆயினும், செலவின்றியும் நோவின்றியும் சிற்றூர் மருத்துவமனையிலும் செய்யத்தக்க சோதனை இது. இதன் பெருமை அதனால் குன்றுவதில்லை.

பெரிய உண்மைகளைக் காணப் பெரிய கருவிகளே வேண்டும் என்பதில்லை. கண்டதை மீண்டும் காண்பதும், அளந்து குறிப்பதும், துன்புறுவோன் கூறுவதைப் பொறுமையோடு கேட்பதும் இருந்தால், ஒரு விரல் நுனியும் சிறந்த கருவியாகும். செயலிழந்த கையோடு வந்து அமர்ந்த வீரன், மரத்துப்போன தன் விரலில் எறும்பு ஊர்வதாகக் கூறியபோது, டினெல் அதனைப் பொய்யென்று தள்ளவில்லை. அச்சொல்லில் உயிரின் வளர்ச்சியைக் கண்டார். அவர் புகழ் இன்றும் நிலைத்திருப்பது அதனாலேயே.